ம.ம. படி

அபூர்வாவுக்குத் தமிழ் படிக்கத் தெரியும் என்று அலுவலகத்தில் எல்லோரும் நம்பினார்கள். அபூர்வாவும் நம்பினாள். வினை அங்கேதான் ஆரம்பித்தது.

டெல்லி மந்திர் மார்க்கில் பள்ளிக்கூடம் போன காலத்தில் ஐந்தாம் வகுப்பு வரை அவளுக்குத் தமிழ் ஒரு பாடமாக இருந்தது. அதற்குப் பிறகு தமிழைக் கண்ணால் பார்த்ததெல்லாம் கல்யாணப் பத்திரிகைகளில்தான். எழுத்துக் கூட்டி வாசிப்பாள், பாதி வார்த்தையிலேயே மீதியை ஊகித்துக்கொள்வாள். அவள் வேலை பார்த்த நோய்க் கண்காணிப்புப் பிரிவில் மற்றவர்களுக்கு அதுகூட வராது. கள ஊழியர் ஜம்பு தமிழர்தான். ஆனால் டெல்லியில் பிறந்து டெல்லியிலேயே நரைத்தவர். வாய் ஓயாமல் பேசுவார், எழுத்தைக் காட்டினால் கண்ணாடியைக் காணோம் என்பார். ஆகவே ஆகஸ்ட் மாதத்தில் ஒரு திங்கட்கிழமை, கரோல் பாக் டாக்டர் ராஜாராமனிடமிருந்து தமிழில் எழுதிய நான்கு தாள்கள் வந்து சேர்ந்தபோது, பிரிவுத் தலைவர் பிரதீப் ஸார் அவற்றை நேரே அபூர்வாவின் மேஜையில் கொண்டுவந்து வைத்தார்.

மஞ்சள் காமாலை. அதிலும் தண்ணீரால் வரும் ஹெபடைடிஸ் 'ஈ' வகை. மற்றவர்களைப் பத்துப் பதினைந்து நாள் படுக்கையில் தள்ளிவிட்டுப் போய்விடும். கர்ப்பிணிகளிடம், முக்கியமாகக் கடைசி மாதங்களில் இருப்பவர்களிடம், அப்படிப் பெருந்தன்மையாக நடந்துகொள்ளாது. நாலைந்து பேரில் ஒருத்தியைக் கொண்டுபோய்விடும் என்று பாடப்புத்தகத்தில் படித்திருக்கிறாள். அபூர்வாவின் அக்கா ருக்மிணிக்கு அப்போது ஏழு மாதம். அக்காவின் கணவன் ஜெயந்த் கடற்படையில் விசாகப்பட்டினத்தில் இருந்தான். கோல் மார்க்கெட்டில் பழைய அரசாங்க வீடு ஒன்றில் அக்காவும் தங்கையும் மட்டும் இருந்தார்கள். புறப்படும்போது ஜெயந்த், "உன்னை நம்பித்தான் விட்டுட்டுப் போறேன்" என்று சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டுப் போயிருந்தான். எல்லோரும் சொல்வதுதான். அபூர்வா மட்டும் அதைப் பொறுப்பாகவே எடுத்துக்கொண்டாள்.

தாள்களை எழுதியவள் டாக்டரின் கிளினிக்கில் சீட்டு எழுதும் பவுனு. நோயாளிகளின் பெயரையோ போன் நம்பரையோ வெளியே கொடுக்கக் கூடாது என்பதில் டாக்டர் கறாரானவர். அதனால் பவுனு தன் நோட்டிலிருந்து வரிசை எண், வயது, ஆணா பெண்ணா, காய்ச்சல் கண்ட தேதி, இடம் ஆகியவற்றை மட்டும் குண்டு குண்டான எழுத்தில் எடுத்து எழுதியிருந்தாள். இருபத்து மூன்று வரிகள். இடம் என்ற பத்தியில் பதினேழு வரிகளில் 'ம.ம.' என்று இருந்தது.

எம்.எம். மந்திர் மார்க். அபூர்வாவுக்கு ஒரு நொடிகூட யோசிக்கத் தேவைப்படவில்லை. பள்ளிப் பேருந்தின் கண்ணாடியில் ஒட்டியிருந்தது அது, நோட்டு அட்டையில் எழுதியது அது, பிறந்து வளர்ந்த பேட்டையின் பெயர் அது. பதினேழில் நான்கு வரிகளில் 'ம.ம. படி' என்று இருந்தது. மந்திர் மார்க்கில் படிக்கிற பிள்ளைகள் என்று எடுத்துக்கொண்டாள். வயது பன்னிரண்டு, பதினான்கு, பதினேழு. சரியாகத்தானே இருக்கிறது? நான்காவது வரியில் வயது நாற்பத்தாறு. நாற்பத்தாறு வயதில் என்ன படிப்பு என்று ஒரு கணம் நெருடத்தான் செய்தது. வாத்தியாராக இருக்கும், இல்லாவிட்டால் பவுனு தப்பாக எழுதியிருப்பாள் என்று மேலே போய்விட்டாள். போனை எடுத்து ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். தெரியாது என்று ஒத்துக்கொள்ள வேண்டியிருக்குமே.

மறுநாள் மத்தியானம் எல்லா ஆஸ்பத்திரிப் பட்டியல்களையும் சேர்த்து வரைபடத்தில் ஏற்றினாள். ஒரு நோயாளிக்கு ஒரு சிவப்புப் புள்ளி. பிறகு கணினி தன் வேலையைத் தொடங்கியது. ஊர் முழுவதும் சின்னதும் பெரிதுமாக ஆயிரக்கணக்கான வட்டங்களைப் போட்டுப் பார்க்கும். ஒவ்வொரு வட்டத்துக்குள்ளும் அங்கு வாழும் ஜனத்தொகைக்கு எத்தனை பேர் நோயில் விழுந்திருக்கலாம், எத்தனை பேர் விழுந்திருக்கிறார்கள் என்று ஒப்பிடும். தற்செயலாக அப்படிக் கூட்டம் சேர்ந்திருக்க முடியாது என்று தோன்றும் வட்டத்தை மட்டும் கடைசியில் நிறுத்திக் காட்டும்.

ஒரே ஒரு வட்டம் நின்றது. மந்திர் மார்க்கை நடுவில் வைத்து, கோல் மார்க்கெட்டையும் உள்ளே இழுத்துக்கொண்டு. இரண்டு பேர் இருக்க வேண்டிய இடத்தில் பதினேழு பேர். தற்செயலாக நேர ஆயிரத்தில் ஒரு வாய்ப்பு. வட்டத்தின் கோடு ருக்மிணி தூங்கிக்கொண்டிருந்த வீட்டைத் தாண்டிப் போயிருந்தது.

அபூர்வாவுக்குப் பயமாக இருந்தது. ஆனால், உண்மையைச் சொல்ல வேண்டுமானால், கொஞ்சம் பெருமையாகவும் இருந்தது. பிரதீப் ஸார் திரையைப் பார்த்துவிட்டு, "அச்சா" என்று மட்டும் சொன்னார். அவர் வாயிலிருந்து அவ்வளவுதான் வரும், அது வந்தாலே பெரிது. அன்றைக்கே ஜம்பு குளோரின் சோதிக்கும் பெட்டியோடு மந்திர் மார்க் கிளம்பினார்.

அக்காவைக் கொண்டுபோய் விட, அபூர்வா வரைபடத்தில் புள்ளியே இல்லாமல் வெள்ளையாக இருந்த இடத்தைத் தேடினாள். ஆர்.கே.புரம் வெள்ளையாக இருந்தது. அங்கே உள்ள அரசாங்க மருந்தகத்தின் பட்டியல் இன்னும் வரவில்லை. பழைய ஆள் மாற்றலாகிப் போய்விட்டார், புது ஆள் பொறுப்பேற்கவில்லை. அதை அவளே வரைபடத்தின் அடியில் பொடி எழுத்தில் குறித்திருந்தாள். அடிக்குறிப்பை யாரும் படிப்பதில்லை. எழுதினவளும் படிக்கவில்லை.

புதன்கிழமை காலை ருக்மிணியை ஒரு பெட்டியோடு ஆர்.கே.புரத்தில் ஜெயலட்சுமி மாமி வீட்டில் கொண்டுபோய் விட்டாள். மாமி அம்மாவின் பழைய அலுவலகத் தோழி, குணத்தில் தங்கம். மாமி வீட்டில் தண்ணீர் சுத்தம் செய்யும் மெஷின் கெட்டுப்போய் ஒரு மாதமாகிறது, ரிப்பேர்காரன் இதோ அதோ என்கிறானாம். குடிக்கிற தண்ணீரைக் காய்ச்சித் தரட்டுமா என்று மாமி கேட்டாள். அபூர்வா சிரித்துக்கொண்டே போனில் வரைபடத்தைத் திறந்து காட்டினாள்.

"பாருங்கோ மாமி, இங்க ஒரு புள்ளிகூட இல்லை. குழாய்த் தண்ணியே தாராளமா குடிக்கலாம்."

புதனிலிருந்து சனி வரை நாலு நாளும் ஜம்பு மந்திர் மார்க்கில் வீடு வீடாக ஏறி இறங்கினார். கண்ணாடிக் குழலில் தண்ணீரைப் பிடித்து மருந்து சொட்டினால், குளோரின் இருக்கும் நல்ல தண்ணீர் மஞ்சளாக மாறும். எங்கே பிடித்தாலும் பளீரென்று மஞ்சள். காமாலை கண்டவர் யாராவது உண்டா என்று கேட்டால் வீட்டுக்காரர்கள் அவரை ஏற இறங்கப் பார்த்தார்கள். சனிக்கிழமை சாயங்காலம் ஜம்பு வந்து, தன் முப்பது வருஷ வேலையில் இத்தனை ஆரோக்கியமான நோய்ப் பேட்டையைப் பார்த்ததில்லை என்றார். அபூர்வாவுக்குக் கோபம் வந்தது. இன்னும் நன்றாகத் தேட வேண்டும், ஆயிரத்தில் ஒரு வாய்ப்பு என்று கணக்கு சொல்கிறது என்றாள். ஜம்பு பெட்டியைத் துடைத்து வைத்தார்.

கணக்கு சொன்னது வாஸ்தவம். பதினேழு புள்ளிகள் ஒரே இடத்தில் தற்செயலாகச் சேராது என்றுதான் அது சொன்னது. அந்த இடம் எந்த இடம் என்று அதற்குத் தெரியாது. அதைச் சொல்ல வேண்டியவள் அபூர்வா.

ஞாயிறும் திங்களும் உருப்படியாக எதுவும் நடக்கவில்லை. செவ்வாய்க்கிழமை மூன்று மணிக்கு மேலிடத்தில் கூட்டம். மந்திர் மார்க் பகுதிக்குக் குடிநீரை நிறுத்திவிட்டு, ஊரில் இருக்கிற லாரிகளையும் மருத்துவக் குழுக்களையும் அங்கே அனுப்புவதென்று பேச்சு. பிரதீப் ஸார் வரைபடத்தைப் பெரிதாக அச்சடித்துச் சுருட்டி வைத்திருந்தார். ஒரு மணி சுமாருக்கு ருக்மிணி போன் செய்தாள். சும்மாதான். நடந்து வந்தாளாம், கால் வீங்கியிருக்கிறதாம், மாமி பண்ணின மோர்க்குழம்பு பிரமாதமாம். அபூர்வா ஒரு காதில் கேட்டுக்கொண்டே திரையில் எண்களைத் திருத்திக்கொண்டிருந்தாள்.

"இங்க ஒரு சௌகரியம்டி," என்றாள் ருக்மிணி. "ஆட்டோக்காரன்ட்ட வழி சொல்லிண்டே இருக்க வேண்டாம். மலை மந்திர் படின்னா போறும், கரெக்டா வாசல்ல கொண்டுவந்து விட்டுடறான்."

அபூர்வாவின் விரல் நின்றது.

"என்ன சொன்னே?"

"மலை மந்திர் படி. மலை மேல முருகன் கோயிலுக்கு ஏறுவாளே, அந்தப் படி. அதுக்கு எதிர்லதானே மாமி ஆத்து வாசல்."

இழுப்பறையைத் திறந்து பவுனுவின் தாள்களை எடுத்தாள். ம.ம. படி. ஆண், 46. ம.ம. படி. பெண், 14. எழுத்துகள் அவளைப் பார்த்துக்கொண்டிருந்தன.

"அக்கா, நான் சொல்றதைக் கேளு. இனிமே அந்தத் தண்ணி ஒரு வாய் குடிக்காதே. மாமியையும் குடிக்க வேண்டாம்னு சொல்லு. பாட்டில் தண்ணி வாங்கச் சொல்லு."

அந்தப் பக்கம் மாமி வீட்டு குக்கர் விசில் அடித்தது.

"நீதானேடி சொன்னே," என்றாள் ருக்மிணி மெதுவாக, "இங்க ஒரு புள்ளிகூட இல்லைன்னு?"

வந்து சொல்கிறேன் என்று அபூர்வா போனை வைத்தாள். கிளினிக் போன் பேச்சிலேயே இருந்தது. பவுனுவின் கைபேசி அடித்து அடித்து ஓய்ந்தது. மணி ஒன்று பத்து. கரோல் பாகுக்கு ஆட்டோ பிடித்து, "பையா, ஜல்தி" என்று மட்டும் சொன்னாள். பஞ்ச்குயியான் ரோடில் ஒரு கல்யாணச் சாமான் லாரி குறுக்கே நின்று வழியை அடைத்திருந்தது. அந்தப் பத்து நிமிஷத்தில் அபூர்வா கடவுளிடம் ஒரு காரியம் கேட்டாள். பவுனு ம.ம. என்றால் மந்திர் மார்க் என்று சொல்லிவிட வேண்டும். மந்திர் மார்க்கில் எத்தனை பேருக்கு நோய் வந்தாலும் பரவாயில்லை. கேட்டபிறகுதான் என்ன கேட்டோம் என்று உறைத்து வெட்கமாக இருந்தது. இருந்தும் திருப்பி வாங்கிக்கொள்ளவில்லை.

கிளினிக்கில் கூட்டம். பவுனு சன்னலுக்குப் பின்னால் சீட்டு எழுதிக்கொண்டிருந்தாள். நாற்பத்தைந்து வயதிருக்கும். நெற்றியில் திருநீறு, மூக்குக்கண்ணாடி சங்கிலியில் தொங்கியது. அபூர்வா வரிசையை மீறிக்கொண்டு தாளை உள்ளே நீட்டினாள்.

"அக்கா, ம.ம.ன்னா என்ன?"

"மலை மந்திர். வேற என்ன?"

"மந்திர் மார்க் இல்லையா?"

பவுனு கண்ணாடியை மாட்டிக்கொண்டு அவளை நிமிர்ந்து பார்த்தாள். "மந்திர் மார்க்குன்னா ம.மா.ன்னு இல்ல கண்ணு எழுதுவேன்? காலு போடாம விடுவேனா?"

ஒரு கால். துணைக்கால். ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்குக்கூடத் தெரியும் சங்கதி. அபூர்வா தமிழ் எழுத்தைப் பார்த்து மனசுக்குள் இங்கிலீஷில் வாசித்திருக்கிறாள். இங்கிலீஷில் எம்முக்குக் கால் கிடையாது.

"படின்னு போட்டிருக்கேளே..."

"கோயில் படிக்கட்டு. எதிர்ல இருக்கிற லைன். எங்க லைன்தான் அது. அங்க யாருக்கு ஜுரம்னாலும் நான்தான் கையோட டாக்டர்கிட்ட கூட்டியாறேன், அவருகிட்டன்னா தமிழ்ல சொல்லலாம்ல. போன மாசம் கேபிள் போட ரோடைத் தோண்டினானுங்க. அப்பலேர்ந்து தண்ணி ஒரு மாதிரியா வருது." பவுனு தாளைத் திருப்பிக் கொடுத்தாள். குரல் தாழ்ந்தது. "ஒரு போன் பண்ணிக் கேட்டிருக்கலாமில்ல? ஒரு வாரமா யாராச்சும் வருவாங்க, வருவாங்கன்னு பார்த்துக்கிட்டிருக்கோம்."

அந்த இடத்திலிருந்தே பிரதீப் ஸாரைக் கூப்பிட்டாள். வட்டம் தவறு, இடம் தவறு, தவறு என்னுடையது என்று மூன்று வாக்கியத்தில் சொன்னாள். அவர் "பக்கா?" என்றார். பக்கா என்றாள். ஒரு வாரம் போய்விட்டது என்றார் அவர். திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

ஜம்பு நேரே மலை மந்திருக்குப் போனார். இரண்டரை மணிக்கு அவரிடமிருந்து ஒரு படம் வந்தது. பவுனுவின் லைன், முதல் வீட்டுக் குழாய். கண்ணாடிக் குழலில் மருந்து சொட்டிய தண்ணீர் மஞ்சளாக மாறவே இல்லை. இரண்டாவது வீடு, மூன்றாவது வீடு, அப்படியே. ஐந்தாவது படம் ஜெயலட்சுமி மாமி வீட்டுச் சமையலறை. பின்னால் மங்கலாக ருக்மிணி நின்றுகொண்டிருந்தாள், வயிற்றின் மேல் ஒரு கையை வைத்துக்கொண்டு.

கூட்டத்தில் வேறு வரைபடம் விரிந்தது. புள்ளிகளை உரிய இடத்துக்கு மாற்றி மறுபடி ஓட்டியபோது வட்டம் இன்னும் சின்னதாக, இன்னும் உறுதியாக, நான்கு தெருக்களுக்கு மேல் போய் நின்றது. சாயங்காலம் குடிநீரை நிறுத்தினார்கள். லாரி வந்தது. மறுநாள் தோண்டிப் பார்த்தால், கேபிள் பள்ளத்தில் குடிநீர்க் குழாய் விரிசல் விட்டிருந்தது, அதன் மேலேயே சாக்கடை கசிந்துகொண்டிருந்தது. அந்த நான்கு தெருவில் கர்ப்பிணிகள் ஒன்பது பேர். ஒவ்வொரு வீட்டுக்கும் அபூர்வாவே போய்க் கதவைத் தட்டினாள். பத்தாவதாகத் தன் அக்காவின் பெயரை எழுதிக்கொண்டாள்.

ருக்மிணியிடம் எல்லாவற்றையும் சொன்னாள், அந்தத் துணைக்காலையும் விடவில்லை. ருக்மிணி கோபித்துக்கொள்ளவில்லை. ஆறு நாளில் எத்தனை டம்ளர் குடித்திருப்பேன் என்று விரல் விட்டு எண்ணப் பார்த்தாள், பாதியில் நிறுத்திக்கொண்டாள். நோய் உள்ளே புகுந்திருந்தால் வெளியே தெரிய ஆறு வாரம்கூட ஆகலாம். விசாகப்பட்டினத்துக்கு யார் சொல்வது என்று இருவரும் பார்த்துக்கொண்டார்கள். அபூர்வாதான் சொன்னாள். ஜெயந்த், தினமும் ஒரு மெஸேஜ் போடு என்றான்.

அந்த ஆறு வாரத்தை அபூர்வா எப்படித் தாண்டினாள் என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. தினமும் காலையில், கோல் மார்க்கெட் வீட்டுக்கே திரும்பி வந்துவிட்ட அக்காவைச் சன்னல் பக்கம் திருப்பி, கீழ் இமையை இழுத்துப் பார்ப்பாள். வெள்ளையா, இல்லை வெயில்தான் மஞ்சளாகக் காட்டுகிறதா என்று பார்த்துக்கொண்டே நிற்பாள். ருக்மிணி, "போறும்டி, கண்ணு வலிக்கறது" என்பாள். ஒரு நாள் வாந்தி எடுத்தாள். அபூர்வா வாசலில் ஆட்டோவை நிறுத்திவிட்டாள், மாமி கொடுத்தனுப்பிய மாங்காய் ஊறுகாய்தான் காரணம் என்று பிறகு தெரிந்தது.

ஆறாவது வார முடிவில் இரண்டாவது ரத்தப் பரிசோதனையும் வந்தது. ஒன்றும் இல்லை. ஏன் இல்லை என்பதற்கு விளக்கம் எதுவும் கிடையாது. அதே தண்ணீர், அதே குழாய், ருக்மிணிக்கு ஒட்டவில்லை, அவ்வளவுதான். அபூர்வா ரிப்போர்ட்டை வாங்கிக்கொண்டு ஆஸ்பத்திரிப் படிக்கட்டில் உட்கார்ந்து சத்தம் போட்டு அழுதாள். அந்தச் சந்தோஷத்தோடேயே டாக்டர் ராஜாராமனின் கிளினிக்குக்கு ஒரு பெட்டி ஸ்வீட் எடுத்துக்கொண்டு போனாள்.

பவுனு பெட்டியை வாங்கி மேஜையில் வைத்தாள், திறக்கவில்லை. அந்த வாரத்துத் தாளை நீட்டினாள். ஒரே ஒரு வரிதான் இருந்தது. இப்போதெல்லாம் அவள் எதையும் சுருக்குவதில்லை. பெண், 26, எட்டு மாதம், மலை மந்திர் படிக்கட்டுக்கு எதிர் வரிசை.

அபூர்வா அதை இரண்டு தடவை படித்தாள். முதலில் வந்த நினைப்பு, அக்கா இல்லை. அது வந்த வேகத்தைப் பார்த்து அவளுக்கே பயமாக இருந்தது. இரண்டாவது நினைப்பு, ஒன்பது பேரில் ஒருத்தி. அபூர்வா கதவைத் தட்டியபோது திறந்தவளாகத்தான் இருக்க வேண்டும். அந்த ஒரு வாரத்தில் குடித்த தண்ணீரா, அதற்கு முன்னால் குடித்ததா?

"முன்னாடியே குடிச்சிருக்கலாம் இல்லையா அக்கா? தேதி அப்படியும் இருக்கலாம்."

"இருக்கலாம்," என்றாள் பவுனு. "யாரு கண்டா? நேத்து ராத்திரிலேர்ந்து நெனவு இல்லை. ஐசியூவுல வெச்சிருக்காங்க."

அபூர்வா தாளை மடித்துப் பையில் வைத்தாள். அலுவலகத்துக்குப் போய் இன்னொரு சிவப்புப் புள்ளி வைக்க வேண்டும். இந்தத் தடவை இடம் சரியாக இருக்கும். திரும்பி நடந்தவளைப் பவுனு கூப்பிட்டாள். உள்ளே டாக்டர் இருக்கும் அறையை ஒரு தடவை பார்த்துவிட்டு, சன்னல் கம்பிகளுக்குப் பக்கத்தில் முகத்தைக் கொண்டுவந்தாள்.

"பேரு சொல்லக் கூடாதுன்னு டாக்டர் உத்தரவு," என்றாள். "பிரியதர்ஷினி. எங்க வீட்டுக்கு ரெண்டு வீடு தள்ளி. புருசன் ஆபீஸ்ல லீவு கேட்டுக்கிட்டு நிக்கிறான், பக்கத்துல ஆளில்லை. புள்ளி அப்புறம் வெச்சுக்கலாம், போய்ப் பாரு."

அபூர்வா வெளியே வந்து ஆட்டோவை நிறுத்தி, ஆஸ்பத்திரிக்குப் போகச் சொன்னாள்.